நைனா இல்லாத மேடை: படமா, பொருளா, படையலா?

ஆண்டர்சன் தெருவில் கல்யாணப் பத்திரிகைக் கடைக்காரர் எழுதிக்கொண்டே வந்தவர் நிமிர்ந்து கேட்டார்: "அப்பா பேருக்கு முன்னாடி என்னம்மா போடணும்? தெய்வத்திருவா, அமரரா?" அம்மா என்னைப் பார்த்தாள், நான் அம்மாவைப் பார்த்தேன். நைனா போய் எட்டு மாசம் ஆகியிருந்தது. வீட்டில் அதுவரை அவர் வெறும் நைனாதான்.

வடசென்னையில் மீனவர்கள் வாழும் காசிமேட்டில் எங்கள் தெருவில் இப்படி ஓர் ஆள் குறைந்த நிலையில் கல்யாணம் செய்த வீடுகள் நிறைய. என் கல்யாணத்திலும், அப்புறம் சித்தி மகள் கல்யாணத்திலும், தெருவில் மற்றவர்கள் வீட்டிலும் பார்த்த வழிகளை இங்கே பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கிறேன். இப்போது பத்திரிகை அடிக்கப் போகிற யாருக்காவது உதவும்.

முதல் கேள்வி, இப்போதே செய்வதா, தள்ளிப்போடுவதா. வருஷம் திரும்புவதற்குள் முடித்துவிடு என்பார் ஒருவர், தலைத்திவசம் கழியட்டும் என்பார் இன்னொருவர். இரண்டுக்கும் பெரியவர்கள் காரணம் சொல்வார்கள். நாங்கள் வேறு கணக்குப் போட்டோம். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். கிட்டத்தட்ட சித்திரையும் வைகாசியும் முழுக்க லாஞ்சுகள், அதாவது விசைப்படகுகள், கரையில் நிற்கும். நைனாவோடு தொழிலுக்குப் போனவர்கள் எல்லாரும் ஊரில் இருப்பார்கள். ஆவணிக்குத் தள்ளினால் பாதிப் பேர் கடலில். கையில் பணம் புரளாத மாசங்கள்தான், ஆனால் ஆள் இருக்கும். நைனா இல்லாத இடத்தில் அவருடைய ஆட்களாவது நிற்க வேண்டும் என்று வைகாசியிலேயே வைத்தோம். தடைக்காலம் பற்றிய கவலை இல்லாத வீட்டில், பெண்ணின் மனசு ஆறியிருக்கிறதா என்று அவளையே கேளுங்கள்.

அடுத்து, மேடையில் படம் வைப்பது. சித்தி மகள் கல்யாணத்தில் சித்தப்பாவின் படத்தைச் சம்பங்கி மாலை போட்டு, மேடை ஓரத்தில் ஒரு நாற்காலியில் வைத்தார்கள். வந்தவர்கள் எல்லாரும் ஒரு நிமிஷம் நின்று கும்பிட்டுவிட்டுப் போனார்கள், அது நிறைவாகத்தான் இருந்தது. ஆனால் மணமேடையில் உட்கார்ந்திருந்தவளுக்கு நிமிரும்போதெல்லாம் அதுதான் கண்ணில் பட்டது. காலில் விழும் படம் சரியாக வரவில்லை என்று போட்டோக்காரர் அவளை நான்கு முறை படத்தின் முன் குனிய வைத்தார். ஆல்பத்தில் பாதிப் பக்கம் அழுத முகம். சித்தி மேடைப் பக்கம் திரும்பவே இல்லை.

படம் வேண்டாம் என்று நான் சொல்லமாட்டேன். இடத்தை மாற்றுங்கள். வாசலில் சந்தனம், கல்கண்டு வைக்கும் மேஜையில் வையுங்கள், வருகிறவர்கள் அங்கேயே பார்த்துவிட்டு உள்ளே வருவார்கள். மாலை போட்ட படத்தை மங்கல இடத்தில் வைப்பதைப் பெரியவர்கள் சிலர் விரும்பமாட்டார்கள். அதற்கும் வழி இருக்கிறது: மாலையும் பொட்டும் இல்லாமல், அவர் சிரித்துக்கொண்டிருக்கும் சாதாரணப் படம் ஒன்று போதும். நாங்கள் வைத்தது, லாஞ்சு விளிம்பில் சட்டை பறக்க உட்கார்ந்திருந்த நைனாவை.

இப்போது புதிதாக ஒன்று வந்திருக்கிறது. இறந்தவரைக் கம்ப்யூட்டரில் நடக்கவைத்து, பெண்ணின் தலையில் கை வைத்து ஆசீர்வதிப்பதுபோல வீடியோ செய்து எல்இடி திரையில் போடுகிறார்கள். சிலையே செய்து மணமேடைக்குக் கொண்டுவந்த வீடுகள் பற்றியும் செய்தி வந்தது. விருப்பப்பட்டுக் கேட்கிற பெண்ணுக்குச் செய்யுங்கள். ஆனால் முன்கூட்டியே சொல்லாமல், திடீரென்று திரையில் காட்டி மகிழ்விக்கலாம் என்று நினைக்கவே நினைக்காதீர்கள். ஐந்நூறு பேர் பார்க்க, தாங்குவதா வேண்டாமா என்று முடிவெடுக்க அவளுக்கு ஒரு நொடிகூடக் கிடைக்காது. அதற்குப் பதில் போனில் பழைய வாய்ஸ் மெசேஜ் ஏதாவது இருக்கிறதா என்று தேடுங்கள். "அரிசி வாங்கிட்டு வா" என்று சொன்னதாக இருந்தாலும் அது அவர் குரல்.

எனக்கு மிகவும் உதவியது பொருள்தான். நைனா வலை பின்னும் ஊசி ஒன்று பரணில் கிடைத்தது. ஒரு சாண் நீளம், முனை மழுங்கி, அவர் கட்டைவிரல் படும் இடம் மட்டும் வழுவழுப்பாக இருந்தது. பாதி வேலையில் விட்ட பச்சை நைலான் நூல் அதில் அப்படியே சுற்றியிருந்தது. வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டில் முகூர்த்தப் புடவை எடுத்த கையோடு, அவர் வேட்டிக் கரையில் ஒரு துண்டு கத்தரித்து, அந்த ஊசியை அதில் சுற்றி முந்தானை ஓரத்தில் உள்பக்கமாக வைத்துத் தைக்கச் சொன்னேன். யாருக்கும் தெரியாது. தாலி ஏறும்போது அது என் மடியில் இருந்தது. படத்தைப் பார்த்தால் அழுகை வரும், ஊசியைத் தொட்டால் வரவில்லை. ஏன் என்று இன்றுவரை எனக்குப் புரியவில்லை.

படையலையும் பொருளோடு சேர்த்தே சொல்வேன், இரண்டும் சபைக்கு வெளியே நடப்பவை. பந்தக்கால் நட்டபின் வீட்டில் கவிச்சி கூடாது என்பதால், அதற்கு முந்தின நாளே வஞ்சிரம் வறுவல், நெத்திலிக் குழம்பு, ஒரு கட்டு பீடி வைத்து விளக்கேற்றினோம். அழ வேண்டியதை அன்றைக்கே அழுதோம். மேடையில் படம் வைப்பதா, வீட்டில் படையலா என்று ஒன்றைத்தான் தேர்ந்தெடுக்க முடியும் என்றால், நான் படையலைத்தான் சொல்வேன்.

உயிரோடு இருந்தும் வரமுடியாதவர்களுக்கு வீடியோ கால் தவிர வேறு வழியில்லை. எங்கள் அண்ணன் குவைத்தில். இங்கே ஏழரை மணி முகூர்த்தம் என்றால் அங்கே விடிகாலை ஐந்து. போனைப் பிடிக்க அத்தை மகனை மட்டும் வைத்தோம், அவனுக்கு வேறு வேலை தரவில்லை. கெட்டிமேளத்தில் பேச்சு எதுவும் கேட்காது. அதனால் சொல்ல வேண்டியதை முதல் நாள் ராத்திரியே பேசி அனுப்பச் சொல்லுங்கள்.

சரி, எல்லாவற்றையும்விடப் பெரிய கேள்வி: தாரை வார்ப்பது யார்? வழக்கப்படி பெரியப்பா பெரியம்மா ஜோடியாக உட்காருவார்கள். அம்மா பின்னால், பந்தி நடக்கும் பக்கம் போய் நின்றுகொள்வாள். போனவருக்காக ஓர் இடத்தைக் காலியாக விட்டுவிட்டு, இருக்கிறவளையும் இல்லாமல் ஆக்குகிற இந்த ஏற்பாட்டை என்னால் ஒத்துக்கொள்ள முடியவில்லை. நாங்கள் சுயமரியாதைத் திருமணமாக வைத்தோம். இந்து திருமணச் சட்டத்தில் தமிழ்நாடு 1967இல் சேர்த்த 7ஏ பிரிவு அதற்கு இடம் தருகிறது. உறவினர், நண்பர்கள் முன்னிலையில் மாலை மாற்றினாலோ, மோதிரம் போட்டாலோ, தாலி கட்டினாலோ போதும். புரோகிதரும் தாரையும் கட்டாயமில்லை. சடங்கோடுதான் வேண்டும் என்கிற வீட்டில், பெரியப்பாவே தாரை வார்க்கட்டும். ஆனால் தாலித் தட்டு ஆசீர்வாதத்துக்குச் சபையைச் சுற்றிவரும் அல்லவா, அதை முதலில் அம்மா கையில் கொடுங்கள்.

அம்மாதான் தாலி எடுத்துக் கொடுப்பாள் என்றதும் எங்கள் பெரியப்பா கோபித்துக்கொண்டார். இரண்டு நாள் வீட்டுப் பக்கமே வரவில்லை. நைனாவைப் பெற்ற ஆயாதான் கடைசியில் அவரைக் கூப்பிட்டு உட்கார வைத்துச் சொன்னாள்: "அவன் பொண்டாட்டி எடுத்துக் குடுக்காம வேற யாருடா குடுப்பா?"

திருவொற்றியூர் மண்டபத்தில் அன்றைக்கு அம்மா தாலியை எடுத்தபோது கை நடுங்கியது. தட்டு சாய்ந்து அட்சதை சிந்தியது. பெரியப்பா எழுந்து வந்து தட்டை அடியில் பிடித்துக்கொண்டார்.