பாசத்தில் தின்றதும் பசியில் தின்றதும்
பினாங்கில் மாமாவோடு பசியாறும்போது பேச்சு எப்படியோ நரமாமிசத்துக்குப் போய்விட்டது. (ரொட்டி சானாய் பாதியிலேயே நின்றது.)

மாமாவின் இரக்கமெல்லாம் 1972இல் தென் அமெரிக்காவின் ஆண்டிஸ் மலையில் விமான விபத்தில் சிக்கியவர்கள்மேல். பயணம் செய்த 45 பேரில் 16 பேர்தான் பிழைத்தார்கள். பனிமலையில் 72 நாள். கையிருப்பு தீர்ந்தபின் இறந்த நண்பர்களின் உடல்தான் உணவு. பசி, வேறு வழியில்லை, அவ்வளவுதான்.

எனக்கோ பாப்புவா நியூ கினியின் ஃபோரே மக்கள்தான் மனசில் நிற்கிறார்கள். அவர்களுக்குப் பசியில்லை. செத்த சொந்தத்தைப் புழுவுக்கு விடக்கூடாதென்று பாசத்தோடு உண்டார்கள். மூளை பெரும்பாலும் பெண்களுக்கும் பிள்ளைகளுக்கும் போனது. அதிலிருந்த பிரியான் (உருக்குலைந்து நோய் பரப்பும் புரதம்) 'குரு' என்ற நடுக்க நோயைக் கொடுத்தது. 1960 வாக்கில் வழக்கம் நின்றது. சிலருக்கு 50 ஆண்டு கழித்தும் நடுக்கம் வந்தது.