அணையாத பிரேக் விளக்கும் பெருந்துறை சாலைப் பட்டறையும்

சாவியை எடுத்த பின்னும் காரின் பின்பக்கச் சிவப்பு விளக்குகள் எரிந்துகொண்டே இருந்ததால், ஈரோடு பெருந்துறை சாலையிலுள்ள ஒரு சிறிய ஆட்டோ எலக்ட்ரிக்கல் பட்டறைக்குச் சென்றேன். வேறோர் இடத்தில் வயரிங் முழுவதையும் மாற்றச் சொல்லியிருந்தார்கள். இந்தப் பட்டறைக்காரரோ ஸ்டியரிங்குக்குக் கீழே குனிந்து டார்ச் அடித்துப் பார்த்துவிட்டு, கால்மிதியில் உதிர்ந்து கிடந்த பிளாஸ்டிக் துணுக்குகளை எடுத்துக் காட்டினார். பிரேக் பெடலின் தண்டிலிருக்கும் சிறு பிளாஸ்டிக் தக்கைதான், பெடலை மிதிக்காதபோது பிரேக் விளக்கு சுவிட்சின் முனையை அழுத்தி விளக்கை அணைத்து வைத்திருக்கிறது; அது நாள்பட்டு நொறுங்கிவிட்டால், முனை வெளியே தள்ளி, காலை எடுத்த பிறகும் விளக்குக்கு மின்சாரம் போய்க்கொண்டே இருக்கும். பெரும்பாலான கார்களில் இந்த இணைப்பு பேட்டரியிலிருந்து நேராக வருவதால் சாவிக்கும் இதற்கும் தொடர்பில்லை. 21 வாட் பல்புகள் இரண்டு 12 வோல்ட்டில் 3.5 ஆம்பியர் இழுக்கும். இரவு முழுவதும் எரிந்தால் 35 ஆம்பியர்-மணி பேட்டரி விடிவதற்குள் தீர்ந்துவிடும்.

புதுத் தக்கையைப் பொருத்தி, என்னைப் பெடலை மிதிக்கச் சொல்லிப் பின்னால் நின்று பார்த்த பிறகே, "சரியாயிருச்சுங்க" என்றார். கூலி நியாயமானது. உட்கார நிழல் இல்லை, ரசீதையும் கேட்டுத்தான் வாங்க வேண்டும். ஆனாலும் மின்கோளாறு என்றால் இனி இங்குதான் செல்வேன்.