முதுகில் 21: ராய் கிருஷ்ணா ஜெர்சி, ஆறு தடவை துவைத்த பிறகு

சென்னையில் உட்கார்ந்துகொண்டு, கொல்கத்தா கால்பந்து அணியாக இருந்த ஏடிகே மோகன் பகானின் பச்சை மெரூன் ஜெர்சியை ஆர்டர் போடுகிறவனுக்குக் கொஞ்சம் கிறுக்கு இருக்க வேண்டும், ஒத்துக்கொள்கிறேன். 2020 மார்ச்சில் கோவாவில், ஆளே இல்லாத ஸ்டேடியத்தில், நம்ம சென்னையின் எஃப்சியை 3-1 என்று தோற்கடித்து ஐஎஸ்எல் (இந்தியன் சூப்பர் லீக்) கோப்பையைத் தூக்கிய ஏடிகே அணியில் (அதுதான் பின்னால் மோகன் பகானோடு இணைந்தது) ஃபிஜிக்காரரான முன்கள வீரர் ராய் கிருஷ்ணாவும் இருந்தார். அன்றைக்கு அவர் கோல் எதுவும் போடவில்லை, காயத்தோடு பாதியிலேயே வெளியே போய்விட்டார், அந்த வகையில் மனசாட்சி உறுத்தவில்லை.

சரி, ஜெர்சிக்கு வருவோம். கடை பெயர் வேண்டாம், இணையத்தில் பெயரும் எண்ணும் அச்சடித்துத் தருகிற சின்னக் கடைதான். துணி நன்றாகவே இருக்கிறது, வியர்வை சீக்கிரம் காய்கிறது, கழுத்துப்பட்டி மட்டும் முதல் வாரம் அரித்தது. அளவு ஒரு சுற்று சின்னது, வழக்கமாக எல் போடுகிறவர்கள் எக்ஸெல் வாங்குங்கள், என்னை மாதிரித் தொப்பையை உள்ளிழுத்துக்கொண்டு நடக்காதீர்கள்.

பிரச்சினை முதுகில். 21 கல் மாதிரி நிற்கிறது, ஆனால் நான்காவது துவைப்பிலேயே கிருஷ்ணாவின் ஆங்கில எழுத்துகளில் 'எச்' ஓரம் உரிய ஆரம்பித்து, இப்போது பாதி தொங்குகிறது. கடைக்காரரிடம் போட்டோ அனுப்பினால், "வெந்நீரில் போட்டீர்களா சார்?" என்று ஒரே கேள்வி, அப்புறம் பதிலே இல்லை. பச்சைத் தண்ணீரில், உள்பக்கம் வெளியே திருப்பி, கையால்தான் துவைத்தேன்.

அந்த மனுஷனாவது இப்படிச் சீக்கிரம் உரிகிற ஆளா? ஃபிஜியின் லபாசாவில் பிறந்து, நியூசிலாந்தில் வைட்டகேரே, ஆக்லாந்து என்று ஆடி, வெலிங்டன் ஃபீனிக்ஸில் ஐந்து வருஷம் உழைத்து, 2018-19 சீசனில் 18 கோலோடு ஆஸ்திரேலிய ஏ-லீகில் அதிகக் கோல் அடித்தவருக்கான தங்கக் காலணியை வாங்கியவர். இந்தியாவுக்கு வந்தபோது வயது 32 ஆகப்போகிறது, ஓய்வூதியத்துக்கு வருகிறார் என்றுதான் நானும் நினைத்தேன். முதல் சீசனிலேயே 15 கோல், அடுத்த சீசனில் 14 கோலும் தொடரின் சிறந்த வீரர் விருதும். ஐஎஸ்எல்லின் முதல் கொல்கத்தா டெர்பியில், அதாவது ஒரே ஊர் அணிகள் மோதும் ஆட்டத்தில், ஈஸ்ட் பெங்காலுக்கு எதிராக முதல் கோலை அடித்ததும் இந்த 21தான், அதற்காகத்தான் இந்த ஜெர்சியே.

ஆனால் எனக்கு அவரைப் பிடித்துப்போனது அதற்கும் முன்னால், 2016 ரியோ ஒலிம்பிக்கில். முதல் ஆட்டத்தில் தென்கொரியாவிடம் 8-0 என்று வாங்கிக் கட்டிக்கொண்ட ஃபிஜி, அடுத்து மெக்சிகோவோடு ஆடும்போது பத்தே நிமிஷத்தில் கேப்டன் கிருஷ்ணா தலையால் முட்டி ஒரு கோல் போட்டார் பாருங்கள், அப்போது மெக்சிகோ நடப்புச் சாம்பியன்! கடைசியில் 5-1 என்று தோற்றார்கள், அதற்கடுத்து ஜெர்மனியிடம் பத்து. அந்தத் தொடரில் ஃபிஜிக்கு அந்த ஒரு கோல்தான்.

2023 ஐஎஸ்எல் இறுதிப் போட்டியிலும் பெங்களூரு சட்டையில் அதே மாதிரி ஒரு தலை முட்டல், தன் பழைய அணிக்கு எதிராகவே. பெனால்டி ஷூட்அவுட்டில் பெங்களூரு தோற்றது வேறு கதை.

ஐந்துக்கு மூன்று நட்சத்திரம். துணிக்கும் எண்ணுக்கும் மூன்று, பெயருக்குப் பூஜ்யம். வாங்குகிறவர்கள் எண்ணை மட்டும் அச்சடிக்கச் சொல்லுங்கள், காசும் மிச்சம். தொங்குகிற எச் மேல் மெல்லிய துணி போட்டு இஸ்திரிப் பெட்டியால் அழுத்திப் பார்த்தேன், இரண்டு நாள் ஒட்டியிருந்தது.