மெடியா: வருடக்கணக்கில் ஏறி இறங்கியவனின் அனுபவம்

ஊரிலிருந்து மாமனார், மாமியார் வருகிறார்கள், சான் டியேகோவில் அவர்களுக்குக் கப்பல் காட்ட வேண்டும், விமானந்தாங்கிக் கப்பல் மிட்வேயா, பழைய நீராவி உல்லாசப் படகு மெடியாவா என்று நண்பர் ஒருவர் வாட்ஸாப்பில் கேட்டிருந்தார். மெடியா நிற்கும் கடல்சார் அருங்காட்சியகத்துக்கு ஆண்டுச் சந்தா கட்டிவிட்டு நினைத்தபோதெல்லாம் அதில் போய் நிற்கிறவன் நான் என்பது அவருக்குத் தெரியும். இரண்டு வரியில் சொல்ல வரவில்லை, அதனால் இங்கே.

நீளம், எடையெல்லாம் தேடினால் கிடைக்கும், விடுங்கள். ஒன்றை மட்டும் சொல்லாமல் இருக்க முடியாது. ஸ்காட்லாந்தின் லின்ட்ஹவுஸ் கப்பல் தளத்தில் 1904-இல் இதை 51 நாளில் கட்டி முடித்தார்கள். டோரிஸ்டேல் கோட்டைக்காரர் மக்காலிஸ்டர் ஹாலுக்கு வேட்டைப் பருவத்துக்குள் படகு வேண்டும், அவ்வளவுதான் அவசரம். எங்கள் வீட்டுச் சமையலறை அலமாரி மாட்ட ஒப்பந்தக்காரர் இதைவிட அதிக நாள் எடுத்துக்கொண்டார்.

எனக்குப் பிடித்த இடம் எஞ்சின் அறை. இரண்டு சிலிண்டர் காம்பவுண்ட் எஞ்சின். கொதிகலனிலிருந்து வரும் நீராவி முதலில் சின்ன சிலிண்டரைத் தள்ளும். மிச்சமிருக்கும் அழுத்தத்தோடு பெரிய சிலிண்டருக்குப் போய் அங்கேயும் ஒருமுறை வேலை பார்க்கும். காரில் இருப்பதுபோல எதையும் மூடி மறைக்கவில்லை. எது எதை அசைக்கிறது என்று குழந்தைக்குக்கூட விரல் நீட்டிக் காட்டலாம்.

எரிச்சல் வருவது மேல்தளத்தில்தான். முதலாம் உலகப்போரில் பிரெஞ்சுக் கடற்படை இதை வாங்கி, கோர்னேய் என்று பெயர் மாற்றி, 75 மி.மீ. பீரங்கி ஏற்றி, சரக்குக் கப்பல்களுக்குத் துணையாக அனுப்பியது. அடுத்த போரில் பிரிட்டிஷ் கடற்படை தேம்ஸ் முகத்துவாரத்தில் இதை நிறுத்தி, தாழப் பறக்கும் எதிரி விமானங்களைத் தடுக்கும் பலூன்களை இதில் கட்டிவிட்டது. இப்போது போய்ப் பாருங்கள். பளபளக்கும் தேக்கு, துடைத்துத் துடைத்துத் தேய்ந்த பித்தளை. பீரங்கி நின்ற சுவடு என் கண்ணில் பட்டதே இல்லை. மொத்த அகலமே 17 அடிதான். அறைகளை ஒட்டிய நடையில் எதிரே ஆள் வந்தால் ஒருவர் உடம்பைத் திருப்பித்தான் வழிவிட வேண்டும். இதற்குள் எப்படிக் குண்டு தூக்கி ஓடினார்கள்? இது சுருட்டு பிடிக்கிற இடம், இது சாப்பாட்டு அறை என்று படகு பெருமையடித்துக்கொள்கிறதே தவிர, இதற்கு வாயைத் திறப்பதில்லை.

சரி, நியாயமும் பேச வேண்டும். 1971-இல் பால் விட்டியர் வாங்கிப் பழைய உருவத்துக்கே கொண்டுவந்திருக்காவிட்டால் நான் குறை சொல்ல இந்தப் படகே இருந்திருக்காது. போர்ச் சாம்பல் நிறத்தில் யார் செலவழித்துப் பாதுகாப்பார்கள்? ஆனாலும் மனசு கேட்கவில்லை. நீர்மூழ்கிகளை விரட்டப் போதுமான நாசகாரிப் போர்க்கப்பல்கள் இல்லாமல்தான் பணக்காரர்களின் படகுகளுக்கெல்லாம் துப்பாக்கி மாட்டினார்கள். அப்படிப் போன அமெரிக்கப் படகு அல்சீடோ, 1917 நவம்பரில் பிரான்சுக்கு அப்பால் டார்பிடோ பட்டு மூழ்கியது. 21 பேர் போனார்கள். மெடியாவும் அதே வேலைக்குப் போய்த் திரும்பிய படகுதான். பார்க்கிறவர் எவருக்கும் அது தோன்றாது.

பக்கத்தில் நிற்கும் ஸ்டார் ஆஃப் இந்தியாவையும் விடாதீர்கள். யூடர்பி என்ற பழைய பெயரில் 1865-இல் மதராஸுக்கு அப்பால் புயலில் சிக்கி, பாய்மரங்களை வெட்டிப்போட்டுவிட்டுத் திருகோணமலைக்குத் தட்டுத்தடுமாறிப் போன கப்பல் அது. மாமனாருக்குப் பிடிக்கும்.

ஆனால் ஒரு நாள்தான் இருக்கிறது என்றால் மிட்வேக்குக் கூட்டிப்போங்கள். அங்கே விமானங்கள் கண்ணெதிரே நிற்கும், விளக்கம் தேவையில்லை. மெடியாவுக்கு இன்றைக்கு ஐந்துக்கு இரண்டரைதான் தருவேன். எஞ்சின் அறையிலிருந்து ஏறி வந்த கையோடு கேட்டிருந்தால் ஐந்தும் வாங்கியிருப்பீர்கள். சந்தாவை நேற்றே புதுப்பித்துவிட்டேன்.