பாதம், கணுக்கால் வினாத்தாள்: தமிழில் சரிபார்க்க ஃபாமா, ஃபாவோஸா, எஃப்எஃப்ஐயா?

கோவை, திருப்பூர், ஈரோடு பக்கம் பிசியோதெரபியோ எலும்பு மருத்துவமோ முதுநிலை படிக்கிறவர்கள் பாதத்துக்கு ஒரு வினாத்தாளைத் தமிழில் கொண்டுவரலாம் என்று இறங்கினால், அலசி முடித்த பிறகு மேசையில் மிஞ்சுவது பெரும்பாலும் மூன்றுதான். புட் அண்ட் ஆங்கிள் எபிலிட்டி மெஷர், சுருக்கமாக ஃபாம். புட் அண்ட் ஆங்கிள் அவுட்கம் ஸ்கோர், அதாவது ஃபாவோஸ். மூன்றாவது, இருப்பதில் மூத்ததான புட் ஃபங்ஷன் இண்டெக்ஸ் என்கிற எஃப்எஃப்ஐ. மூன்றிலும் பதில் சொல்கிறவர் நோயாளியேதான். நாங்கள் ஃபாமை எடுத்தோம். அந்தப் பக்கம் சாய்ந்துதான் எழுதுகிறேன்.

ஏஓஎஃப்ஏஎஸ் மதிப்பெண்ணை, அதாவது அமெரிக்கப் பாத, கணுக்கால் எலும்பு மருத்துவச் சங்கத்தின் அளவுகோலை, ஏன் விட்டோம் என்று கேட்பார்கள். 1994-இல் வந்த அதில் ஒரு பகுதியை மருத்துவர்தான் பார்த்துப் போட வேண்டும். அதை வெளியிட்ட அமெரிக்கச் சங்கமே பிற்பாடு அதைப் பரிந்துரைப்பதை நிறுத்திக்கொண்டது. மாக்ஸ்எஃப்க்யூ என்கிற மான்செஸ்டர்-ஆக்ஸ்ஃபோர்டு பாத வினாத்தாள் நல்ல கருவி. 16 கேள்விதான், அறுவை சிகிச்சைப் பலனை அளக்கவென்றே செய்தது. ஆனால் உரிமம் ஆக்ஸ்ஃபோர்டில் வாங்க வேண்டும். ஆய்வறிக்கைக்கு நாள் எண்ணிக்கொண்டிருக்கும் மாணவர் அந்தக் கடிதப் போக்குவரத்தைக் கணக்கில் வைத்துக்கொள்ள வேண்டும். பெருவிரல் கோணல் அறுவை மட்டுமே உங்கள் களம் என்றால் இந்தக் கட்டுரையை மூடிவிட்டு அதையே பாருங்கள்.

மூன்றின் அமைப்பைச் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். எஃப்எஃப்ஐ 1991-இல் வந்தது. 23 கேள்விகள்: வலி 9, இயலாமை 9, செயல் குறைவு 5. மதிப்பெண் ஏற ஏற நிலைமை மோசம். ஃபாவோஸ் 2001. முழங்காலுக்கான கூஸ் வினாத்தாளிலிருந்து எடுத்தது. 42 கேள்விகள், ஐந்து பிரிவுகள், 100 என்றால் தொந்தரவே இல்லை. ஃபாம் 2005. அன்றாட வேலைகளுக்கு 21, விளையாட்டுக்கு 8. இதிலும் 100 பக்கம் போனால் நல்லது. எஃப்எஃப்ஐயையும் ஃபாமையும் ஒரே ஆளிடம் கொடுத்து ஒட்டுறவு பார்த்தால் எதிர்க்குறி வரும். அது தவறில்லை, வர வேண்டியதுதான்.

எஃப்எஃப்ஐயின் சிக்கல் இரண்டு. ஒன்று கோடு. மூல வடிவத்தில் ஒவ்வொரு கேள்விக்கும் ஒரு கோடு போட்டு அதில் குறி வைக்கச் சொல்கிறார்கள். பள்ளிக்கூடம் அதிகம் போகாத வயதானவர்கள் இந்த மூலை இல்லையென்றால் அந்த மூலை என்று குறித்துவிடுவார்கள். போதாக்குறைக்கு ஜெராக்ஸ் எடுக்கும்போது கோட்டின் நீளம் சுருங்கிவிடும். முதல் பிரதியில் 100 மில்லிமீட்டர் இருந்தது பத்தாவது பிரதியில் 96 ஆகியிருந்தால் ஸ்கேல் வைத்து எடுத்த அளவெல்லாம் பிசகும். இரண்டாவது சிக்கல் கேள்விகளிலேயே இருக்கிறது. வலிப் பிரிவின் 9 கேள்விகளில் இரண்டு, ஷூவுக்குள் வைக்கும் ஆர்த்தோடிக்ஸ் போட்டு நடக்கும்போதும் நிற்கும்போதும் வரும் வலியைப் பற்றியவை. இன்னும் இரண்டு ஷூவைப் பற்றியவை. ரப்பர் செருப்போடு வருகிறவரிடம் நான்கு கேள்வி வீண். முடக்குவாத நோயாளிகளிடம் ஆராய்ந்து உருவாக்கிய கருவி என்பதால், அந்தக் கூட்டத்தில் வேலை செய்கிறவர்களுக்கு இன்றும் இதற்கு மதிப்பு உண்டு. கணுக்கால் பிசகி வரும் கல்லூரிக் கபடி ஆட்டக்காரருக்கு அல்ல.

இப்போது ஃபாவோஸ், ஃபாம் இரண்டுக்கும் நடுவில். இரண்டுமே கடந்த ஒரு வாரத்தைப் பற்றித்தான் கேட்கின்றன. இரண்டிலும் ஒரு கேள்விக்கு 0 முதல் 4 வரைதான். எங்களுக்கு முடிவைத் தீர்மானித்தது ஒரே ஒரு விஷயம்: பொருந்தாத கேள்வியை அந்தக் கருவி என்ன செய்கிறது?

ஃபாவோஸின் அன்றாட வேலைப் பிரிவில் 17 கேள்விகள். அவற்றில் சாக்ஸ் மாட்டுவது ஒன்று, கழற்றுவது ஒன்று, காரில் ஏறி இறங்குவது ஒன்று, குளியல் தொட்டியில் இறங்கி ஏறுவது ஒன்று. பல்லடத்தில் விசைத்தறி ஓட்டுகிறவரோ பொள்ளாச்சியில் தென்னை ஏறுகிறவரோ இந்த நான்கையும் அப்படியே விட்டுவிட வாய்ப்பு அதிகம். மூல விதிப்படி ஒரு பிரிவில் இரண்டு விடுபட்டால் மற்ற பதில்களின் சராசரியைப் போட்டுக்கொள்ளலாம். இரண்டைத் தாண்டினால் அந்தப் பிரிவுக்கு மதிப்பெண்ணே கிடையாது. கூஸுக்குப் பிற்பாடு வந்த, பாதிக் கேள்விக்குப் பதில் இருந்தால் போதும் என்கிற தளர்ந்த விதியை இங்கே கொண்டுவந்தாலும் நோய் தீராது. விடுபடுவது ஆளுக்கொரு கேள்வியாக இல்லை, எல்லாருக்கும் அதே நான்கு. சராசரியால் நிரப்புவது அப்போது ஒட்டுப்போட்ட வேலைதான்.

அப்படியானால் கேள்வியையே மாற்றிவிடலாமே? சாக்ஸுக்குப் பதில் செருப்பு, காருக்குப் பதில் டவுன் பஸ். மாற்றலாம். ஆனால் பஸ்ஸின் முதல் படி காரின் தளத்தைவிட எவ்வளவோ உயரம். அதில் ஏறத் தேவைப்படும் கணுக்கால் மடிப்பும் வேறு. கேள்வியின் கடினம் ஏறிவிட்டால், உங்கள் ஊர் 62-ஐ வெளியூர் ஆய்வின் 62-ஓடு ஒப்பிட முடியாது. கழிப்பறைக் கேள்வியும் இதே கதைதான். உட்கார்ந்து எழும் மேற்கத்திய கோப்பையை நினைத்து எழுதியது, குத்தவைக்கிற நம்மூர்க் கழிப்பறையில் கேட்கும்போது வேறு கேள்வி.

ஃபாமில் குத்தவைப்பது தனிக் கேள்வியாகவே இருக்கிறது. சமதளத்தில் வெறுங்காலோடு நடப்பதும் இருக்கிறது. வீட்டுக்குள் செருப்பு போடாத ஊருக்கு இது பெரிய வசதி. எல்லாவற்றுக்கும் மேலாக ஒவ்வொரு கேள்விக்கும் ஐந்து பதில்களை அடுத்து "பொருந்தாது" என்று ஆறாவது கட்டம் உண்டு. அந்த வேலையைத் தடுப்பது பாதமோ கணுக்காலோ இல்லாமல் வேறு காரணம் என்றால் அதில் டிக் அடிக்க வேண்டும். அந்தக் கேள்வி கணக்கிலிருந்து வெளியே போய்விடும். 21-க்கும் பதில் இருந்தால் மொத்தம் 84. ஒன்று போனால் 80, இரண்டு போனால் 76. எடுத்த மதிப்பெண்ணை அதால் வகுத்து 100-ஆல் பெருக்க வேண்டும். 19-க்குக் குறைந்தால் மதிப்பெண் போடக்கூடாது. விளையாட்டுப் பிரிவில் 8-க்கு 7 வேண்டும்.

இங்கும் வரம்பு இரண்டுதானே என்பீர்கள். ஆமாம், இறுக்கமான வரம்புதான். ஆனால் மொழிபெயர்ப்பைக் கவனமாகச் செய்தால் ஃபாமில் நம்மூருக்குப் பொருந்தாமல் நிற்பது பொழுதுபோக்கு பற்றிய கேள்வி ஒன்றுதான் என்று சொல்லலாம். மறந்து விட்டதா, வேண்டுமென்றே விட்டதா என்பதும் தாளிலேயே தெரியும்.

அந்த ஆறாவது கட்டத்திலேயே ஒரு பொறியும் இருக்கிறது. "முடியவில்லை" என்றால் 0. "பொருந்தாது" என்றால் கணக்கிலேயே இல்லை. குதிகால் வலியால் ஆறு மாதமாகக் குத்தவைக்காத அம்மா "நான் இப்ப உட்கார்றதே இல்லீங்க" என்று சொல்லிப் பொருந்தாது கட்டத்தில் டிக் அடித்துவிடுவார். கணக்கு எப்படித் திரும்புகிறது பாருங்கள். மற்ற 19 கேள்வியில் 57 எடுத்தவர், இரண்டில் "முடியவில்லை" என்று சரியாகக் குறித்திருந்தால் 57/84, அதாவது 67.9. அந்த இரண்டையும் "பொருந்தாது" என்று போட்டால் 57/76, அதாவது 75. ஏழு புள்ளி சும்மா ஏறிவிட்டது. அன்றாடப் பிரிவில் நோயாளிக்கு உண்மையிலேயே மாற்றம் தெரியும் குறைந்தபட்ச அளவு என்று மூல ஆய்வு சொன்னதே 8 புள்ளிதான். சிகிச்சை எதுவும் செய்யாமல் டிக் மாறினாலே கிட்டத்தட்ட அந்த அளவு வந்துவிடுகிறது.

இதற்கு மருந்து முன்சோதனையில்தான் இருக்கிறது. 30 முதல் 40 பேரிடம் முன்சோதனை செய்யும்போது "பொருந்தாது" குறித்த ஒவ்வொரு இடத்திலும் ஒரே கேள்வி கேளுங்கள்: "கால் நல்லா இருந்தா இதைச் செய்வீங்களா?" "செய்வனுங்க" என்றால் அது 0. "அதெல்லாம் நமக்கெதுக்குங்க" என்றால் பொருந்தாது. இந்த ஒரு வரியை வினாத்தாளின் தலைப்பு விளக்கத்திலேயே சேர்த்துவிட்டால் பாதிக் குழப்பம் குறையும். சேர்ப்பதற்கு முன் மூல ஆசிரியர்களிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

மொழிபெயர்ப்பில் இடறும் மற்ற இடங்கள் சில. மேட்டில் ஏறுவது பற்றிய கேள்வியை "மலை ஏறுதல்" என்று போட்டால் ஈரோட்டுக்காரர் மனதில் சென்னிமலையின் 1,320 படி வந்து நிற்கும். அது மாடிப்படிக் கேள்வியாக மாறிவிடும். மேட்டுப் பாதை, இறக்கம் என்று போடுங்கள். நடைபாதை விளிம்பைப் பற்றிய கேள்விக்கு "ஒற்றைப் படி ஏறி இறங்குதல்" போதும், திண்ணை வேண்டாம், அது உயரம். நடக்கத் தொடங்கும் முதல் அடிகளைக் கேட்கும் இடத்தில் "காலையில் எழுந்ததும்" என்று சேர்க்கத் தோன்றும். சேர்த்தால் அது குதிகால் வலிக்காரருக்கு மட்டுமான கேள்வியாகிவிடும்.

வழக்கமான படிகளை நீட்டத் தேவையில்லை. ஆங்கிலத்திலிருந்து தமிழுக்கு இரண்டு பேர், அவர்களில் ஒருவர் மருத்துவத் துறை சாராதவர். தமிழிலிருந்து திரும்ப ஆங்கிலத்துக்கு மூலத்தைப் பார்க்காத இரண்டு பேர். பிறகு குழு உட்கார்ந்து ஒரு வடிவம். முன்சோதனை. அதன் பின் நம்பகத்தன்மைக்குக் குறைந்தது 50 பேர், 100 இருந்தால் நிம்மதி.

திரும்பக் கேட்கும் இடைவெளி ஒன்று முதல் இரண்டு வாரம். இங்கேதான் மாணவர்கள் அதிகம் சறுக்குகிறார்கள். முதல் தாளை நிரப்பிய அன்றே அல்ட்ராசவுண்டும் தசைநீட்டலும் தொடங்கிவிடுகின்றன. அடுத்த வாரம் ஆள் தேறியிருப்பார், ஐசிசி (இரண்டு முறை எடுத்த மதிப்பெண்கள் எவ்வளவு ஒத்துப்போகின்றன என்று சொல்லும் எண், 1 என்றால் முழு ஒப்பு) சரியும், பழி வினாத்தாள் மீது விழும். நாள்பட்ட, நிலை மாறாத நோயாளிகளைத் தேர்ந்தெடுங்கள். இரண்டாம் முறை "போன தடவைக்கு இப்ப எப்படி இருக்குங்க?" என்று கேட்டு, மாறாதவர்களை மட்டும் கணக்கில் எடுங்கள். இன்னொன்று: தீபாவளிக்கோ பொங்கலுக்கோ தறி நிற்கும் வாரத்தில் இரண்டாம் தாள் விழக்கூடாது. நின்றே வேலை செய்கிறவருக்கு ஒரு வார ஓய்வு பெரிய சிகிச்சை. முதல் முறை நீங்கள் படித்துக் காட்டினால் இரண்டாம் முறையும் படித்தே காட்டுங்கள்.

எண்களில் கண்ணை ஏமாற்றுவது ஐசிசி. 0.90 வந்தால் கொண்டாடுவார்கள். உங்கள் கூட்டத்தின் திட்ட விலக்கம், அதாவது மதிப்பெண்கள் சராசரியிலிருந்து சிதறும் அளவு, 18 என்று வையுங்கள். ஒன்றில் 0.90 போக மீதி 0.10. அதன் வர்க்கமூலத்தால் 18-ஐப் பெருக்கினால் வரும் 5.7-தான் அளவீட்டுப் பிழை. அதை 1.96-ஆலும் 2-இன் வர்க்கமூலத்தாலும் பெருக்கினால் கிட்டத்தட்ட 15.8. பிழையைத் தாண்டிய மாற்றம் என்று சொல்ல ஒரு ஆளிடம் குறைந்தது இவ்வளவு மாற வேண்டும். ஒரு தனி ஆளிடம் 15 புள்ளி மாறினாலும் அது பிழைக்குள் அடங்கிவிடுகிறது, 8 புள்ளியைப் பற்றிப் பேச்சே இல்லை. ஆகவே ஐசிசியை மட்டும் எழுதி நிறுத்தாதீர்கள், இந்த இரண்டு எண்ணையும் போடுங்கள். கேள்விகள் ஒன்றோடொன்று எவ்வளவு ஒத்துப்போகின்றன என்று சொல்லும் கிரான்பாக் ஆல்ஃபா 0.95-ஐத் தாண்டினாலும் மகிழ வேண்டாம். ஐந்து, பத்து, பதினைந்து நிமிட நடை என்று ஃபாமில் ஒரே பாணியில் மூன்று கேள்வி இருப்பதே அதை ஏற்றிவிடும். 15 சதவீதத்துக்கு மேல் ஆட்கள் உச்ச மதிப்பெண்ணில் குவிந்தாலும் எழுதுங்கள். இளவயது விளையாட்டுக்காரர்களிடம் அன்றாடப் பிரிவு இப்படிக் குவியும். அவர்களுக்கு விளையாட்டுப் பிரிவே அளவுகோல். மற்ற கூட்டத்துக்கு அந்தப் பிரிவைக் கொடுக்காமல் விடுவதே மரியாதை.

மூன்று கருவிகளுமே தொடாத ஒன்று இந்தப் பகுதிக்கு உண்டு. குழித்தறி நெசவாளரும் பனியன் கம்பெனி டெய்லரும் உட்கார்ந்தபடி காலால் மிதித்து வேலை செய்கிறவர்கள். நிற்பது, நடப்பது, ஏறுவது எல்லாம் கேட்கும் ஃபாம் மிதிப்பதைக் கேட்பதில்லை. 22-ஆவது கேள்வியாக அதைச் சேர்க்காதீர்கள், மதிப்பெண் கெட்டுவிடும். தாளின் கடைசியில் மதிப்பெண்ணில் சேராத தனிக் கேள்வியாக வையுங்கள்.

நீரிழிவுப் பாதத்தில் மட்டும் என் பரிந்துரையை அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டாம். அந்தக் கூட்டத்தில் எங்களுக்குப் பழக்கம் குறைவு. உணர்ச்சி மரத்த பாதத்துக்காரர் எல்லாக் கேள்விக்கும் "சிரமமில்லை" என்றே சொல்லக்கூடும், அடிப்பாதத்தில் புண் இருக்கும்போதும்கூட. அங்கே எந்த வினாத்தாளை எடுத்தாலும் மெல்லிய நைலான் இழையால் பாதத்தைத் தொட்டு உணர்ச்சி பார்க்கும் மோனோஃபிலமென்ட் சோதனையை உடன் வையுங்கள். மரத்துப்போனவர்களைத் தனிக் குழுவாகப் பிரித்துக் கணக்கிடுங்கள்.