35 எம்பி டெக்கன் 3: என்னதான் மிச்சம் வைத்திருக்கிறார்கள்?

2 ஜிபி ரேம் போட்ட பழைய ஆண்ட்ராய்டு போனில் பிளேஸ்டேஷன் சண்டை கேமான டெக்கன் 3 ஓடுமா? தாராளமாக ஓடும். ஆனால் "ஹைலி கம்ப்ரஸ்டு, வெறும் 35 எம்பி" என்று வருடக்கணக்கில் கைமாறிக்கொண்டிருக்கும் அந்த ஃபைல் மட்டும் வேண்டாம்.

ஃபைல் சின்னதாக இருந்தால் கேம் வேகமாக ஓடும் என்று நிறையப் பேர் நம்புகிறார்கள். சம்பந்தமே இல்லை. 2 எம்பி ரேமும் 33 மெகாஹெர்ட்ஸ் சிபியுவும் இருந்த பிளேஸ்டேஷனில் ஓடிய கேம் இது. போன் திணறினால் அந்த எந்திரத்தைப் போல வேஷம் கட்டுவதில்தான் (எமுலேஷன்) திணறும், சிடியில் எத்தனை எம்பி இருந்தது என்பதில் இல்லை. சைஸ் குறைந்தால் மெமரி கார்டில் இடம் மிச்சம், அவ்வளவுதான்.

சரி, 35 எம்பி எப்படி வந்தது? சிடியில் இடத்தை அடைப்பது வீடியோவும் ஆடியோவும். அதில் வீடியோ ஏற்கெனவே சுருக்கப்பட்டதுதான், மறுபடி பிழிந்தால் பெரிதாக ஒன்றும் இறங்காது, ஆகவே வெட்டித்தான் தீர வேண்டும். நண்பரின் போனில் இருந்த பிரதியில் ஆரம்ப வீடியோ கிடையாது, பின்னணி இசை கிடையாது; கிங் என்ற மல்யுத்தக் கேரக்டர் ஆளைத் தூக்கி அடிக்கும் சத்தம் மட்டும் கேட்கிறது, அடிக்கும் அடிக்கும் நடுவே மயான அமைதி. கடைசி எதிரியான ஓக்ரை இரண்டு உருவத்திலும் வீழ்த்தி ஆர்கேட் மோடை முடித்தால் அந்த கேரக்டரின் முடிவுக் காட்சி வர வேண்டும் இல்லையா, திரை ஒரு கணம் கறுத்துவிட்டு அடுத்த வேலைக்குப் போய்விடுகிறது. இதற்கா இத்தனை பாடு?

வெட்டுவதே பாவம் என்று சொல்லவில்லை. 1997இல் ஆர்கேடில் (காசு போட்டு ஆடும் எந்திரத்தில்) வந்த கேமை அடுத்த வருடம் பிளேஸ்டேஷனுக்குக் கொண்டுவரும்போது கேமைச் செய்த நாம்கோவே வெட்டியது. ஆர்கேட் போர்டு வலுவானது, வீட்டு எந்திரம் தாங்காது என்பதால் 3டி பின்னணிகளைத் தட்டையான படங்களாக மாற்றினார்கள். ஆனால் சண்டையில் கை வைக்கவில்லை, நொடிக்கு 60 ஃபிரேம் அப்படியே இருந்தது. போதாததற்கு டெக்கன் ஃபோர்ஸ், டெக்கன் பால் என்ற மோடுகள், கான் என்ற குட்டி டைனோசர் எல்லாம் கூடுதலாக வந்தன.

உங்களிடம் ஒரிஜினல் டிஸ்க் இருந்தால் அதை இமேஜ் (முழுப் பிரதி) எடுத்து, சிஎச்டிமேன் என்ற மென்பொருள் கொண்டு சிஎச்டி (CHD) என்ற சுருக்கிய ஃபைலாக ஆக்கிக்கொள்ளுங்கள். இதில் எதுவும் தொலையாது. சைஸும் ஓரளவு இறங்கும், பல ஃபைலாகச் சிதறிக் கிடந்தது ஒன்றாகிவிடும். ஓட்டுவதற்கு ரெட்ரோஆர்ச் ஆப்பில் பிசிஎஸ்எக்ஸ்-ரிஆர்ம்ட் என்ற எமுலேட்டர். பண்டோரா என்ற கையடக்கக் கருவிக்காக எழுதப்பட்டது என்பதால் பழைய ஆர்ம் சிப்பிலும் இலகுவாக ஓடுகிறது. ரெசல்யூஷனைக் கூட்டும் ஆப்ஷனை மட்டும் தொடாதீர்கள். டிஸ்க் ஐரோப்பிய PAL பதிப்பாக இருந்தால் 50 ஹெர்ட்ஸ்தான், சண்டை கொஞ்சம் மந்தமாகத் தெரியும்.

என் உண்மையான குறை தொடுதிரைதான். டெக்கனில் பிடித்துத் தூக்கிப் போட சதுரமும் எக்ஸும் ஒரே நேரத்தில் அழுந்த வேண்டும். கண்ணாடியில் ஒரே கட்டைவிரலால் இரண்டையும் தொட்டால் பாதி நேரம் ஒன்றுதான் பதிகிறது, கிங் பாவம் காற்றில் குத்திவிட்டு அடி வாங்குகிறார். எடி கோர்டோ என்ற கேரக்டர் விதிவிலக்கு. இரண்டு உதை பட்டனையும் மாறி மாறித் தட்டினால் போதும், விளையாடவே தெரியாத என் தம்பி அதை வைத்தே என்னை ஜெயிக்கிறான் (எடியைத் தடை செய்ய வேண்டும் என்பது என் பழைய கோரிக்கை). கண்ட்ரோலர் வாங்குவதாக இருந்தால் விலை குறைந்த புளூடூத்துக்குப் போகாமல் ஓடிஜி கேபிளில் (போனில் யுஎஸ்பி கருவியை இணைக்கும் கேபிள்) செருகுவதாக வாங்குங்கள். 60 ஃபிரேம் கேமில் ஒரு ஃபிரேம் என்பது வெறும் 16.7 மில்லிசெகண்ட், புளூடூத் தாமதம் கையிலேயே தெரியும்.

இதே போனில் பிபிஎஸ்எஸ்பிபி என்ற எமுலேட்டரைப் போட்டு பிஎஸ்பி (சோனியின் கையடக்கக் கருவி) டெக்கன் 6ஐயும் பார்த்தேன். ஐஎஸ்ஓ என்ற டிஸ்க் இமேஜை சிஎஸ்ஓ என்ற சுருக்கிய ஃபைலாக ஆக்கினால் எதையும் இழக்காமல் இடம் மிச்சமாகிறது, ஆனால் கேம் கனமானது. ரெசல்யூஷனை பிஎஸ்பி அளவிலேயே வைத்தும் கூட்டமான மேடைகளில் தடுக்குகிறது. அதற்கு இன்னும் கொஞ்சம் நல்ல போன் வேண்டும்.