மகினோ கிராமத்துப் படம்: அப்பாவோடு 222 நிமிடம்

ஆவணப்படம் என்றாலே எழுந்து போய்விடுகிற அப்பா, ஒகாவா ஷின்சுகேயின் மகினோ கிராமப் படத்தைக் கடைசிவரை உட்கார்ந்து பார்த்தார். மன்னார்குடி பக்கம் நாற்பது வருஷமாக நெல் போடுகிறவர். எங்கள் திண்ணையில் லேப்டாப்பை வைத்து, இங்கிலீஷ் சப்டைட்டிலை நான் படித்துச் சொல்லச் சொல்லப் பார்த்தோம்.

ஒகாவா எந்தக் கம்பெனியையும் சாராமல் படம் எடுத்த ஜப்பான்காரர். 1968லிருந்து, நரிதா விமான நிலையத்துக்கு நிலம் தர மறுத்த சன்ரிசுகா விவசாயிகளோடேயே தங்கி வரிசையாகப் படங்கள் எடுத்தார். பிறகு 1970களின் நடுவில், விவசாயியும் கவிஞருமான கிமுரா மிச்சியோ அழைக்க, வடக்கே யமகதா பகுதியின் மகினோவுக்குக் குழுவோடு குடிபோனார். ஒரே வீட்டில் பொங்கிச் சாப்பிட்டுக்கொண்டு வயலில் இறங்கி அவர்களே நெல் நட்டார்கள். பத்து வருஷம் கழித்து, 1986ல்தான் இந்தப் படம் வந்தது.

அந்தப் பத்து வருஷம் படத்தில் தெரிகிறது. வயல் தண்ணீரின் சூட்டை அளந்து குறிக்கிறார்கள், மண்ணைத் தோண்டி அடியில் என்ன இருக்கிறது என்று பார்க்கிறார்கள், வரைபடம் போட்டு விளக்குகிறார்கள். எனக்குப் பள்ளிக்கூடப் பாடம் மாதிரி இருந்த இடம் இது. அப்பாவுக்கோ இதுதான் படமே. "நீ படிக்காத, எனக்கே புரியுது" என்று என்னை நிறுத்திவிட்டார்.

அப்புறம் நெற்பூ. நம் வயலில் காலை வெயில் ஏறுகையில் உமி லேசாகத் திறக்கும், மகரந்தப் பை வெளியே தொங்கும், கொஞ்ச நேரத்தில் மூடிக்கொள்ளும். அந்த நேரத்தில் மருந்தடிக்கக் கூடாது என்று அப்பா சத்தம் போட்டுக் கேட்டிருக்கிறேனே தவிர, நான் குனிந்து பார்த்ததில்லை. திரை முழுக்க அந்தப் பூ விரிந்தபோது அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு, "இதப் பாக்குறதுக்கு எத்தன நாள் வரப்புல கெடந்தாங்களோ" என்றார். எனக்குத் தொண்டை அடைத்தது.

படத்தின் இன்னொரு பாதி ஊரின் பழங்கதைகள். பழைய காலத்து விவசாயிகள் கலகத்தை மகினோ மக்களே தங்கள் முன்னோராக வேஷம் கட்டி நடிக்கிறார்கள். கூடவே நடிகை மியாஷிதா ஜுன்கோ, ஜப்பானின் நவீன நடனமான புட்டோவைத் தொடங்கிய ஹிஜிகதா தத்சுமி போன்ற கலைஞர்களும் வருகிறார்கள். முதல் தடவை எது எந்தக் காலம் என்று குழம்பினேன். பெயர்களும் நிற்கவில்லை. ஆனால் ஊர்க்காரர்கள் கேமராவைப் பார்த்துக் கூச்சப்படவே இல்லை. உடன் நாற்று நட்டவர்களிடம் என்ன கூச்சம்? வெளியூரிலிருந்து இரண்டு நாள் வந்து போகிற எந்தக் குழுவுக்கும் அந்த முகங்கள் கிடைத்திருக்காது.

பார்க்க நினைப்பவர்கள் இரண்டு சாயங்காலமாகப் பிரித்துக்கொள்ளுங்கள். போனில் மட்டும் வேண்டாம், பூ தெரியாது. வீட்டில் விவசாயம் பார்த்த பெரியவர் இருந்தால் அவரைக் கூட உட்கார வையுங்கள்.

இதற்கு முன் 1982ல் ஒகாவா எடுத்த ஃபுருயாஷிகி படம் 210 நிமிடம். எட்டே குடும்பங்கள் வாழ்ந்த மலைக்கிராமம். குளிர்காற்று எந்த வழியாக இறங்கி நெல்லைக் கெடுக்கிறது என்று, ஊரின் மாதிரியைச் செய்து அதில் வெண்புகையை ஓடவிட்டுக் காட்டுவார்கள். அறுவடை முடிந்ததும் அதைப் போடச் சொல்லியிருக்கிறார் அப்பா.